ஜார்ஜ் டெலெரூ எப்படி சினிமா இசைக்கு வந்தார்? பாலக்கோட்டிலிருந்து ஒரு கேள்வி

பாலக்கோடு கீபோர்டு

எல்லோருக்கும் வணக்கம். எனக்கு ஊர் பாலக்கோடு பக்கம், வயது 27. ஓசூரில் ஒரு கம்பெனியில் ஷிப்ட் வேலை. லீவு நாளில் கல்யாணம், கோயில் திருவிழா என்று ஆர்கெஸ்ட்ராவில் கீபோர்டு வாசிக்கிறேன். என் கூடப் படித்த நண்பன் ஒருவன் எடுத்த மூன்று குறும்படங்களுக்கும் நான்தான் இசை.

போன வாரம் நைட் ஷிப்ட் முடிந்து வந்து தூக்கம் பிடிக்காமல் ஒரு பழைய பிரெஞ்சுப் படம் பார்த்தேன். கோதார் இயக்கிய 'ல மெப்ரி', 1963-ல் வந்தது. கதை முழுசாக மனதில் நிற்கவில்லை, புருஷன் பெண்டாட்டி இருவருக்கும் நடுவில் ஏதோ ஒன்று உடைந்து போகிறது, எதனால் என்று அந்தப் பெண் கடைசி வரை வாய்விட்டுச் சொல்லவே மாட்டாள். ஆனால் அதில் வரும் இசை என்னை விடவே இல்லை. வயலின்கள் மட்டும் மெதுவாக எழும்பி, முடியப் போகிறது என்று நினைக்கும்போது முடியாமல் மறுபடியும் ஆரம்பித்த இடத்துக்கே வந்துவிடுகிறது. படம் முழுக்க திரும்பத் திரும்ப அதேதான். நானாக இருந்தால் ஒவ்வொரு சீனுக்கும் ஒவ்வொன்று போட்டு, நடுவில் டிரம்ஸ் எல்லாம் சேர்த்திருப்பேன். இவர் ஒன்றே ஒன்றை வைத்துக்கொண்டு எப்படி இதைச் செய்தார் என்று யோசித்து யோசித்து மறுநாள் ஷிப்டுக்குப் போகும் பஸ்ஸிலும் அதையே கேட்டுக்கொண்டு போனேன். இசை ஜார்ஜ் டெலெரூ என்று போட்டிருந்தது.

இப்போது என் கேள்விக்கு வருகிறேன். அந்த நண்பனுக்குச் சென்னையில் முழுநீளப் படம் ஒன்று அமைகிற மாதிரி இருக்கிறது. வேலையை விட்டுவிட்டு வா, நீதான் மியூசிக் என்கிறான். வீட்டில் அம்மா ஒன்றும் சொல்லவில்லை, ஆனால் தங்கை கல்யாணம் இன்னும் பாக்கி இருக்கிறது. முதல் படம் நன்றாக வந்து, இரண்டாவது படத்துக்கு அவன் வேறு ஒருவரை வைத்துக்கொண்டால் நான் எங்கே போவது? அதுதான் எனக்குப் பெரிய பயம். டெலெரூ மாதிரி ஆட்கள் எப்படி வந்தார்கள்? ஒரே டைரக்டரை நம்பியா வந்தார்கள்? முறையாகப் படித்தவர்களா? இங்கே யாருக்காவது தெரிந்தால் விவரமாகச் சொல்லுங்கள், நீளமாக இருந்தாலும் பரவாயில்லை.

கிருஷ்ணகிரி பிரெஞ்சு டீச்சர்

தம்பி, உங்கள் கேள்வியைப் படித்ததும் பதில் எழுதாமல் இருக்க முடியவில்லை. நான் புதுச்சேரியில் பிரெஞ்சு படித்தவள், இப்போது கிருஷ்ணகிரியில் பள்ளிப் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்கிறேன். டெலெரூவின் இசையை இருபது வருடமாகக் கேட்டு வருகிறேன்.

முதலில் உங்களுக்கும் அவருக்கும் உள்ள ஒற்றுமையைச் சொல்லிவிடுகிறேன். அவர் பிறந்தது 1925-ல், வடக்கு பிரான்ஸில் ரூபே என்ற ஊரில். நம் ஓசூர் மாதிரிதான், எங்கே பார்த்தாலும் புகைபோக்கி, நூற்பாலை, நெசவாலை. குடும்பம் வசதியில்லை. பதினைந்து வயது வாக்கிலேயே படிப்பை நிறுத்திவிட்டுத் தொழிற்சாலை வேலைக்குப் போனவர் அவர். வேலைக்குப் போய்க்கொண்டேதான் ஊரில் இருந்த இசைப் பள்ளியில் கிளாரினெட் கற்றார். அங்கிருந்து பாரிஸ் கான்சர்வத்வார் என்ற பெரிய இசைக் கல்லூரிக்குப் போனார், இசையமைப்பாளர் தாரியுஸ் மியோவிடம் படித்தார். 1949-ல் பிரான்ஸில் இளம் இசையமைப்பாளர்களுக்குத் தரும் ரோம் பரிசில் இரண்டாவது இடம். அதனால் முறையாகப் படித்தாரா என்றால், ஆமாம், நன்றாகவே படித்தார். ஆனால் தொழிற்சாலை வேலை பார்த்த கையோடு படித்தார். அந்த இரண்டையும் பிரிக்க வேண்டாம்.

அப்புறம் நீங்கள் கவனிக்க வேண்டியது, அவர் நேராகப் படத்துக்கு வந்து உட்காரவில்லை. 1948 வாக்கில் அவிஞோன் நாடக விழாவில் ழான் விலாரின் நாடகங்களுக்கு வேலை செய்தார். திறந்தவெளி மேடை, கூட்டம், காற்று, அங்கே நடிகர் பேசும்போது இசை குறுக்கே வந்தால் அன்றைக்கே தெரிந்துவிடும். பிறகு ரேடியோ, டெலிவிஷன், 1950-களில் ஏராளமான குறும்படங்கள். முழுநீளப் படங்கள் கைக்கு வந்தபோது அவருக்கு வயது 34, 35. 1959-ல் அலென் ரெனேவின் 'ஹிரோஷிமா மோன் அமூர்' படத்தில் முக்கிய இசை வேறொருவருடையது, இவர் ஒரு வால்ட்ஸ் மட்டும் போட்டார். அடுத்த வருடம் டைரக்டர் த்ரூஃபோவின் 'தீரே சூர் ல பியானிஸ்த்'. 1962-ல் 'ஜூல் எ ஜிம்'. 1963-ல் நீங்கள் பார்த்த படம். பார்க்கிறவர்களுக்கு நான்கே வருடத்தில் மேலே வந்துவிட்டார் என்று தோன்றும், அதற்கு முன்னால் பத்து வருடம் யாரும் பேர் கேட்காத வேலை இருந்தது. நீங்கள் போட்ட மூன்று குறும்படங்களைக் குறைவாக நினைக்காதீர்கள்.

இப்போது உங்கள் பயத்துக்கு வருகிறேன். டெலெரூ என்றாலே எல்லோரும் த்ரூஃபோவைச் சேர்த்துத்தான் சொல்வார்கள், இரட்டை மாட்டு வண்டி மாதிரி. ஆனால் த்ரூஃபோ அவரை விட்டுவிட்டு வேறு ஆட்களிடம் போனார், ஒரு தடவை இல்லை, இரண்டு தடவை! 1964-ல் 'லா போ தூஸ்' செய்து முடித்ததும், 1966-ல் 'ஃபாரன்ஹீட் 451' படத்துக்கு ஹிட்ச்காக்கின் இசையமைப்பாளர் பெர்னார்ட் ஹெர்மனைப் போய்ப் பிடித்தார். அதற்குப் பிறகு அந்த்வான் துயமெலை வைத்துக்கொண்டு சில படங்கள். 1971-ல்தான் மறுபடி டெலெரூவிடம் வந்தார். அந்தப் படத்தில், 'லே தேஸ் ஆங்லேஸ்', டெலெரூவை ஒரு சின்ன வேஷத்தில் நடிக்கவும் வைத்தார். 1973-ல் 'லா நுயி அமெரிக்கேன்'. அப்புறம் திரும்பவும் பிரிவு. 1975-லிருந்து நான்கு படங்களுக்கு மோரிஸ் ஜோபேரின் இசையை எடுத்துப் பயன்படுத்தினார். ஜோபேர் 1940-லேயே போரில் இறந்துபோனவர், பழைய இசையைத் தேடி எடுத்துப் போட்டார் த்ரூஃபோ. உயிரோடு இருக்கும் நண்பனை விட்டுவிட்டு, இறந்து முப்பத்தைந்து வருடம் ஆனவரின் இசையைத் தேடிப் போனால் நண்பனுக்கு எப்படி இருக்கும்? ஆனாலும் 1979-ல் மறுபடி கூப்பிட்டார், இவரும் போனார். 'ல தெர்னியே மெத்ரோ', 'லா ஃபாம் த'கோத்தே', 1983-ல் த்ரூஃபோவின் கடைசிப் படம் வரை இவர்தான்.

இந்த இடைவெளிகளில் டெலெரூ கையைக் கட்டிக்கொண்டு இருந்தாரா என்றால் இல்லை. ஃபிலிப் த ப்ரோக்காவின் சாகசப் படங்களும் நகைச்சுவைப் படங்களும் அவர் கையில் இருந்தன, 1964-ல் 'லோம் த ரியோ' ஒன்றே போதும். இத்தாலியில் பெர்த்தொலூச்சியின் 1970 படமான 'இல் கன்ஃபார்மிஸ்தா', இங்கிலாந்தில் கென் ரஸ்ஸலின் 'விமன் இன் லவ்'. அந்தக் கென் ரஸ்ஸல் 1966-லேயே பி.பி.சி.க்காக டெலெரூவைப் பற்றி ஒரு சிறு படமே எடுத்திருந்தார். சினிமா, டெலிவிஷன் எல்லாம் சேர்த்து முந்நூற்றைம்பதுக்கும் மேலே இசையமைத்தவர். ஒரு டைரக்டர் விட்டுப் போனதும் வாழ்க்கை நின்றுபோகிற நிலையில் அவர் தன்னை வைத்துக்கொள்ளவே இல்லை.

உங்கள் நண்பர் கூப்பிடுகிறார் என்றால் போங்கள், போக வேண்டாம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் அவருடைய இரண்டாவது படத்தைப் பற்றி இப்போதே பயப்படுவதை விட, உங்களைத் தேடி வர இன்னும் இரண்டு பேராவது இருக்கிற மாதிரி பார்த்துக்கொள்ளுங்கள்.

ஓசூர் மிக்ஸிங்

அக்கா சொன்ன வரலாறு எனக்குப் பாதிதான் தெரியும், நன்றி. நான் பெங்களூரில் ஒரு ஸ்டூடியோவில் சவுண்ட் மிக்ஸிங் செய்கிறேன், தினம் ஓசூரிலிருந்து போய் வருகிறேன். தம்பி கேட்டாரே, ஒன்றை வைத்துக்கொண்டு எப்படிச் செய்தார் என்று, அதற்கு என் வேலைப் பக்கத்திலிருந்து ஒரு பதில்.

'ல மெப்ரி' படத்துக்கு டெலெரூ எழுதிக் கொடுத்தது மொத்தம் கால் மணி நேர இசைதான். அதை வெட்டி, திரும்ப ஒட்டி, இங்கே கொஞ்சம் அங்கே கொஞ்சம் என்று பரப்பியது கோதார். சில இடத்தில் ஆட்கள் பேசிக்கொண்டிருக்கும்போதே இசை ஏறி பேச்சை மூடிவிடும், சில இடத்தில் சட்டென்று நின்றுவிடும். எங்கள் ஸ்டூடியோவில் யாராவது அப்படி மிக்ஸ் செய்து கொடுத்தால் தப்பு என்று திருப்பி அனுப்பிவிடுவார்கள். அந்த வீட்டுக்குள் சண்டை நடக்கும் சீனை ஒரு தடவை ஹெட்போன் போட்டுப் பாருங்கள், அது மட்டுமே அரை மணி நேரம் வரும். அந்தப் பெண் ஒன்றும் சொல்லாத இடத்தில்தான் இசை வருகிறது. அவள் ஏன் வெறுக்கிறாள் என்று படத்தில் யாரும் சொல்லாததை அந்த வயலின்கள் சொல்லிக்கொண்டே இருக்கின்றன. சீனுக்குச் சீன் வேறு இசை போட்டிருந்தால் அது நடந்திருக்காது. ஒரே இசை ஏழெட்டுத் தடவை கேட்ட பிறகு அது வந்தாலே நமக்கு வயிறு கலங்குகிறது. இதில் பாதி டெலெரூ, பாதி கோதார். அதே படம் இத்தாலியில் வெளியானபோது இந்த இசையை எடுத்துவிட்டு பியேரோ பிச்சியோனியின் இசையைப் போட்டார்கள் என்பதையும் சேர்த்துப் பாருங்கள், அங்கே படம் பார்த்தவர்களுக்கு இது கேட்கவே இல்லை. 1995-ல் ஸ்கார்ஸேஸி தன் 'கேஸினோ' படத்தில் இதே இசையை எடுத்துப் பயன்படுத்தினார். முப்பது வருடம் கழித்தும் அது அப்படியே நின்றது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும், இதுதான் உங்களுக்கு அதிகம் உதவும் என்று நினைக்கிறேன். சென்னைக்குப் போனால் முதல் நாளே எடிட்டர் உங்களிடம் ஒரு கட் கொடுப்பார், அதில் ஏற்கெனவே வேறு ஏதோ படத்தின் இசை ஒட்டியிருக்கும். டெம்ப் டிராக். டைரக்டர் அதை இரண்டு மாதமாகக் கேட்டுக் கேட்டு மனதில் ஏற்றிக்கொண்டிருப்பார், இதே மாதிரி வேண்டும் என்பார். இது டெலெரூவுக்கே நடந்தது. 1979-ல் வந்த 'எ லிட்டில் ரொமான்ஸ்' படத்துக்கு ஆஸ்கர் வாங்கி, 80-களின் தொடக்கத்தில் லாஸ் ஏஞ்சலீஸ் போய்விட்டார். அங்கே 'சம்திங் விக்கெட் திஸ் வே கம்ஸ்' என்ற 1983 படத்துக்கு முழு இசையும் எழுதி ரெக்கார்டு செய்து கொடுத்த பிறகு மொத்தமாக எடுத்துவிட்டு ஜேம்ஸ் ஹார்னரை வைத்துக்கொண்டார்கள். 1986-ல் ஆலிவர் ஸ்டோனின் 'பிளட்டூன்'. அதில் டெம்ப் டிராக்காக அமெரிக்க இசையமைப்பாளர் சாமுவேல் பார்பரின் 'அடாஜியோ' இருந்தது. டெலெரூ தன் இசையை எழுதினார், கடைசியில் ஸ்டோனுக்கு பார்பர்தான் வேண்டும் என்றாகிவிட்டது, இவர் எழுதியதில் பெரும்பகுதி போய்விட்டது. அந்த பார்பர் இசையை வான்கூவர் சிம்பொனியை வைத்து நடத்திக் கொடுத்ததும் இவரேதான். தன் இசையைத் தள்ளிவிட்டு வந்த இசையைத் தானே நின்று நடத்திக் கொடுத்திருக்கிறார். அந்த ரெக்கார்டிங்கை நான் மிக்ஸிங் ரூமில் பெரிய ஸ்பீக்கரில் போட்டுக் கேட்டிருக்கிறேன். ஒரு இடத்தில் கூட அவசரம் இல்லை, மனசில்லாமல் செய்த வேலை மாதிரி இல்லை. எனக்கு அவர் மேல் இருக்கும் மரியாதைக்கு அதுவே முதல் காரணம்.

பென்னாகரம் ஆர்மோனியம்

வணக்கம். நான் சொல்லச் சொல்லப் பேத்தி அடிக்கிறாள். நாற்பது வருடம் தெருக்கூத்தில் ஆர்மோனியம் வாசித்தவன். நீங்கள் எல்லோரும் பேசுகிற அந்த இசையைப் பேத்தி போனில் போட்டுக் காட்டினாள், மூன்று தடவை கேட்டேன். படம் பார்க்கவில்லை.

தம்பி, ஒன்றையே திரும்ப வாசிப்பது உனக்குப் புதுசாகத் தெரிகிறது. நம் பக்கத்தில் பாரதம் வைப்பார்கள் அல்லவா, அதில் கடைசி நாள் படுகளம் போய்ப் பார். தரையில் மண்ணால் துரியோதனனைப் பெரிதாகப் போட்டிருப்பார்கள், ராத்திரி முழுக்க ஆடி ஓய்ந்தவர்கள் விடிந்ததும் அங்கே வருவார்கள். பீமன் தொடையில் அடிக்கிற வரைக்கும் மேளம், மிருதங்கம், சத்தம் எல்லாம் உண்டு. அடித்து விழுந்த பிறகு காந்தாரி வருவாள் பார், அப்போது எல்லாம் அடங்கிவிடும். முகவீணை ஒன்று மட்டும்தான். எங்கள் ஜமாவில் முகவீணை வாசித்த பெரியவர் என்ன செய்வார் தெரியுமா, காந்தாரி ஒப்பாரி சொல்லும்போது கூடவே ஊத மாட்டார். குழலை உதட்டுக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு காத்துக்கொண்டே இருப்பார். அவள் ஒரு வரி சொல்லி மூச்சு வாங்குவாளே, அந்த மூச்சு வாங்குகிற இடத்தில், அவள் விட்ட கடைசி இரண்டு ஸ்வரத்தை மட்டும் எடுத்து முகாரியில் இழுப்பார். அவள் அடுத்த வரி ஆரம்பித்ததும் நிறுத்திவிடுவார். ஒவ்வொரு வரிக்கும் அதேதான். புதுசாக ஒன்றும் சேர்க்க மாட்டார். நாலாவது வரிக்கு வந்திருக்கிற பொம்பளைகள் எல்லோரும் அழுதுவிடுவார்கள். நானும் ஆர்மோனியத்தில் கையை எடுத்துவிடுவேன், அந்த இடத்தில் எனக்கு வேலை இல்லை என்று தெரியும்.

அந்தப் பிரெஞ்சுக்காரர் நாடக மேடையில் வேலை செய்தவர் என்று அந்த அம்மா எழுதியிருக்கிறார். அப்படித்தான் இருக்கும் என்று கேட்டதுமே நினைத்தேன். ஆள் பேசுகிற இடத்தையும் மூச்சு விடுகிற இடத்தையும் மேடையில் நின்று பார்த்தவனுக்குத்தான் அது வரும். நீ ஆர்கெஸ்ட்ராவில் வாசிக்கிறாய், அதில் பாட்டுக்காரன் நிறுத்தினால் உடனே நீ நிரப்ப வேண்டும், அது ஒரு பழக்கம். ஒரு சீசன் கூத்துக்கு வந்து எங்கள் ஆட்களோடு உட்கார், அந்தப் பழக்கம் போகும்.

காவேரிப்பட்டணம் 635112

பெரியவர் எழுதியது அருமை. நான் இசைக்காரன் இல்லை என்று சொல்ல முடியாது, ஒரு காலத்தில் பக்திப் பாட்டுக்கு மெட்டுப் போட்டவன். இங்கே யாரும் பணத்தைப் பற்றிப் பேசவில்லை, நான் பேசுகிறேன்.

பத்து வருடத்துக்கு முன்னால் ஒரு ஆடியோ கம்பெனிக்கு எட்டு அம்மன் பாட்டு போட்டுக் கொடுத்தேன். கையில் ஐயாயிரம் ரூபாய் கொடுத்து ஒரு பேப்பரில் கையெழுத்து வாங்கினார்கள், படித்துக்கூடப் பார்க்கவில்லை நான். அதில் ஒரு மெட்டு இப்போது ஆடி மாதம் வந்தால் இந்தச் சுற்று வட்டாரத்தில் எந்தக் கோயில் ஸ்பீக்கரைப் போட்டாலும் கேட்கும். என் பேர் எங்கேயும் இல்லை, அதற்குப் பிறகு ஒரு பைசாவும் இல்லை. என் பிள்ளைக்கு அது அப்பா போட்ட மெட்டு என்று சொன்னால் நம்ப மாட்டேன் என்கிறான்.

பிரான்ஸில் இது எப்படி என்று அப்போதுதான் தேடிப் படித்தேன். அங்கே சட்டப்படியே ஒரு படத்துக்கு ஆசிரியர்கள் என்று கருதப்படுகிறவர்களில் டைரக்டர், கதை வசனக்காரர்களோடு சேர்த்து, அந்தப் படத்துக்கென்று இசையமைத்தவரும் ஒருவர். கூலிக்கு வந்து போன ஆள் இல்லை அவர். அங்கே இசைக்காரர்களுக்கான உரிமைத்தொகைச் சங்கம், சாசெம் என்பார்கள், 1851-லேயே தொடங்கிவிட்டது. அது தொடங்கிய கதையைக் கேளுங்கள். 1847-ல் பாரிஸில் ஒரு கஃபேயில் ஒரு பாட்டாசிரியரும் அவர் நண்பர்களும் உட்கார்ந்து குடித்துக்கொண்டிருக்கிறார்கள். அங்கே மேடையில் அவர்களுடைய பாட்டையே வாசிக்கிறார்கள். பில் வந்ததும் எர்னெஸ்ட் பூர்ஜே என்ற அந்தப் பாட்டாசிரியர், என் பாட்டுக்கு நீ காசு கொடுக்கவில்லை, நீ ஊற்றிக் கொடுத்ததற்கு நான் ஏன் காசு கொடுக்க வேண்டும் என்று கேட்டுவிட்டார். கோர்ட்டுக்குப் போய் ஜெயித்தார்கள். அதிலிருந்துதான் சங்கம் வந்தது.

நம் நாட்டிலும் 2012-ல் காப்புரிமைச் சட்டத்தைத் திருத்தினார்கள். தியேட்டரில் படம் ஓடுவது தவிர மற்ற வழிகளில் பாட்டு பயன்பட்டால் மெட்டுப் போட்டவருக்கும் எழுதியவருக்கும் ராயல்டியில் பங்கு உண்டு, அதைத் தயாரிப்பாளர் நம்மிடமிருந்து எழுதி வாங்கிக்கொள்ளவும் முடியாது. நம் ஊரில் 1969-லிருந்து இருக்கிற ஐ.பி.ஆர்.எஸ். என்ற சங்கம்தான் அதை வசூலித்துக் கொடுக்கிறது. தம்பி, நண்பனாகவே இருந்தாலும், தயாரிப்பாளர் நீட்டுகிற பேப்பரை ஒரு வக்கீலிடம் காட்டாமல் கையெழுத்துப் போடாதே. சங்கத்தில் முதல் படத்துக்கு முன்னாலேயே சேர்ந்துவிடு. நான் உன்னிடம் கேட்டுக்கொள்வது இது ஒன்றுதான்.

பாலக்கோடு கீபோர்டு

எல்லோருக்கும் ரொம்ப நன்றி. இவ்வளவு பேர் இவ்வளவு நேரம் எடுத்து எழுதுவீர்கள் என்று எதிர்பார்க்கவே இல்லை. ஷிப்ட் பிரேக்கில் கேன்டீனில் உட்கார்ந்து படித்தேன், பெரியவர் எழுதியதைப் படிக்கும்போது சாப்பாடு அப்படியே இருந்தது.

காவேரிப்பட்டணம் அண்ணா, நீங்கள் சொன்னதை நண்பனிடம் அப்படியே சொன்னேன். அவன் கோபப்படவில்லை. அக்ரிமென்ட் வந்ததும் எனக்கு அனுப்புகிறேன், யாரிடம் வேண்டுமானாலும் காட்டு என்று சொல்லிவிட்டான். அந்த அம்மன் மெட்டு எது என்று எனக்குத் தனியாகச் சொல்லுங்கள், நான் வாசிக்கிற இடத்தில் எல்லாம் உங்கள் பேரைச் சொல்லிவிட்டுத்தான் வாசிப்பேன்.

அக்கா, ஒரே ஒரு கேள்வி. த்ரூஃபோ இரண்டு தடவை விட்டுப் போன பிறகும் இவர் எப்படித் திரும்பப் போனார்? எனக்கு அதுதான் புரியவில்லை. என்னால் முடியுமா என்று தெரியவில்லை.

கிருஷ்ணகிரி பிரெஞ்சு டீச்சர்

அவர் மனதுக்குள் என்ன இருந்தது என்று நான் சொல்ல முடியாது தம்பி. ஆனால் 'லா நுயி அமெரிக்கேன்' படத்தில் ஒரு இடம் இருக்கிறது, அதைப் பாருங்கள். சினிமா எடுப்பதைப் பற்றிய சினிமா அது, டைரக்டராக த்ரூஃபோவே நடித்திருக்கிறார். ஆரம்பத்தில் பேர் போடும்போதே ஃபிலிம் ஓரத்தில் ஓடும் சவுண்ட் டிராக்கின் கோடு திரையில் துடிக்கும், ஆர்கெஸ்ட்ரா ஒத்திகை கேட்கும். நடுவில் ஒரு சீனில் அந்த டைரக்டருக்குப் போன் வருகிறது. பேசுவது இசையமைப்பாளர், குரல் டெலெரூவுடையது. புதிதாக ரெக்கார்டு செய்த இசையைப் போனிலேயே போட்டுக் காட்டுகிறார். டைரக்டர் ஒன்றும் பேசாமல் ரிசீவரைக் காதில் வைத்துக்கொண்டு கேட்கிறார். கேட்டுக்கொண்டே தபாலில் வந்த பார்சலைப் பிரிக்கிறார், உள்ளே இருந்து தனக்குப் பிடித்த டைரக்டர்களைப் பற்றிய புத்தகங்கள் ஒவ்வொன்றாக மேஜை மேல் விழுகின்றன, ஹிட்ச்காக், பெர்க்மன், ட்ரேயர். அத்தனை பேரின் புத்தகத்தோடும் சேர்த்து அந்தப் போனில் வருகிற இசையும் அவருக்கு ஒன்றுதான் என்று அந்த ஒரே ஷாட் சொல்கிறது. இது இரண்டாவது பிரிவுக்கு முன்னால் எடுத்தது. இப்படி ஒரு சீனில் தன்னை உட்கார வைத்தவர் ஆறு வருடம் கழித்துக் கூப்பிட்டால் யார்தான் போக மாட்டார்கள்?

போனதில் என்ன நடந்தது என்பதையும் பாருங்கள். பிரான்ஸின் சினிமா விருதான சீசரை 1979, 1980, 1981 என்று தொடர்ந்து மூன்று வருடம் வாங்கினார், அதில் இரண்டு த்ரூஃபோ படங்களுக்கு. ஆஸ்கரும் அந்த 1980-ல்தான். த்ரூஃபோ 1984-ல் இறந்தார். டெலெரூ 1992 மார்ச் மாதம், லாஸ் ஏஞ்சலீஸில், 'ரிச் இன் லவ்' என்ற படத்துக்கு ரெக்கார்டிங் முடித்த கையோடு போய்ச் சேர்ந்தார். வயது 67.

ஓசூர் மிக்ஸிங்

1983-ல் தூக்கிப் போட்டார்கள் என்று நான் எழுதினேனே, அந்த இசையும் பிற்பாடு தனி ஆல்பமாக வந்தது, தேடினால் கிடைக்கும். தூக்கிப் போட்ட வேலை என்று தெரியாமல் கேட்டால் யாருக்கும் தோன்றாது.

தம்பி, உங்கள் மூன்று குறும்படத்தில் ஒன்றை எனக்கு அனுப்புங்கள். இசையைத் தனி டிராக்காக வைத்திருந்தால் அதையும். ஞாயிற்றுக்கிழமை ஸ்டூடியோ எனக்குக் காலியாக இருக்கும், ஓசூர் பஸ் ஸ்டாண்டிலிருந்து என்னோடு பைக்கில் வந்துவிடலாம். நீங்கள் போட்டதை முதலில் அப்படியே கேட்போம். அப்புறம் எல்லாவற்றையும் மியூட் செய்துவிட்டு, ஒரு நிமிட இசை மட்டும் வைத்துக்கொண்டு எங்கெங்கே வரலாம் என்று பார்ப்போம்.

பாலக்கோடு கீபோர்டு

வருகிறேன் அண்ணா. இந்த ஞாயிறு எனக்கு நைட் ஷிப்ட், காலையில் ஏழு மணிக்கு முடியும், நேராக பஸ் ஸ்டாண்டுக்கு வந்துவிடுகிறேன். அப்பாவும் மகனும் நெல்லிக்காய் மரத்தடியில் உட்கார்ந்திருக்கும் படத்தைக் கொண்டுவருகிறேன், அதில் பதினொரு நிமிடப் படத்துக்குப் பத்து நிமிட இசை போட்டு வைத்திருக்கிறேன்.

பென்னாகரம் ஐயா, பாரதம் எந்த ஊரில் எப்போது வைக்கிறார்கள் என்று பேத்தியிடம் சொல்லி எழுதுங்கள். படுகளத்தன்று லீவு போட்டுவிட்டு வருகிறேன். கீபோர்டு கொண்டுவர மாட்டேன்.

பென்னாகரம் ஆர்மோனியம்

சித்திரையில் எங்கள் பக்கத்து ஊரிலேயே வைக்கிறார்கள், கொடி ஏறியதும் தேதி சொல்கிறேன். முதல் நாள் ராத்திரியே வந்துவிடு தம்பி. படுகளத்துக்கு மட்டும் வந்தால் காந்தாரி ஏன் அழுகிறாள் என்று உனக்குத் தெரியாது.